அக்கா உள்ளே வந்த படம்

எங்கள் சின்ன மாமா கஜேந்திரன் ஒரு பொய்யர். நாற்பது வருஷத்துக்கும் மேலாக ஒரே பொய்யைச் சொல்லிக்கொண்டிருக்கிறார். வாயால் சொல்லியிருந்தால் யாராவது மறுத்துப் பேசியிருக்கலாம். அவர் படம் போட்டுச் சொன்னார்.

செத்தவரைப் பற்றி எழுதுகிறேன் என்று நினைக்காதீர்கள். செங்கல்பட்டில் மகன் வீட்டில் சௌக்கியமாக இருக்கிறார். இந்த இதழை அட்டையிலிருந்து கடைசிப் பக்கத்து வலி நிவாரணி விளம்பரம் வரைக்கும் ஒரு வரி விடாமல் படிப்பார். போன வாரம் மில் பெல்ட்டில் நைனாவின் வேட்டி சிக்கிய கதையை எழுதினேன் அல்லவா, அதைப் படித்துவிட்டு, "உங்கப்பன் மானத்த ஊரறிய வாங்கிட்டியேடி" என்று போன் செய்து இருமல் வரும்வரை சிரித்தார். இந்த வாரம் என்ன செய்வார் என்று பார்ப்போம்.

தவிடு மணக்கும் கொட்டகை

உத்திரமேரூரில் எங்களுக்கு ஒரு ரைஸ் மில் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை ஓடாது. அன்று மதியம் சாப்பிட்டு முடித்ததும் மாமா குடோனைச் சினிமாக் கொட்டகையாக மாற்றிவிடுவார். ஜன்னல்களில் நெல் சாக்குகளைத் தொங்கவிடுவார். சுண்ணாம்பு அடித்த சுவர்தான் திரை. நாங்கள் தவிட்டு மூட்டைகள் மேல் உட்கார்ந்துகொள்வோம். படம் காட்டுகிற மிசினின் விளக்கு எரிந்ததும் வெளிச்சத்தில் தவிட்டுத் தூசி பறக்கும். படம் தெரிவதற்கு முன்னால் நான்கு பேராவது தும்முவோம்.

மாமா, அம்மாவின் கடைசித் தம்பி. சரக்குக் கப்பலில் சமையல்காரர். வருஷத்தில் சில மாதங்கள் எங்கள் வீட்டில்தான் தங்குவார். எழுபதுகளின் நடுவில் ஒரு தடவை சிங்கப்பூரிலிருந்து எட்டு எம்.எம். கேமராவும், படம் காட்டுகிற மிசினும் கொண்டுவந்தார். ஒரு ரீல் மூன்று நிமிஷம். சத்தம் கிடையாது. எடுத்ததைப் பம்பாய்க்கு அனுப்பி, அது கழுவி வருவதற்குள் அவர் மறுபடி கப்பல் ஏறியிருப்பார். அதனால் எங்கள் வீட்டில் எல்லாப் படமும் ஒரு வருஷம் பழசாகத்தான் ரிலீஸ் ஆகும்.

முதல் படத்தின் கதாநாயகன் நைனா. போட்டோ என்று நினைத்துவிட்டார். சட்டைப் பித்தானைக் கழுத்து வரைக்கும் போட்டுக்கொண்டு, மில் வாசலில் விறைப்பாக நின்று, மூச்சை அடக்கிக்கொண்டார். "மச்சான், அசைங்க" என்று மாமா கத்தினாராம். நைனா அசையவில்லை. அசைந்தால் கலைந்துபோகும் என்பது அவர் கணக்கு. மூன்று நிமிஷமும் அவர் நிற்கிறார், பின்னால் ஒரு மாடு மட்டும் நடிக்கிறது.

பெண்கள் கதை வேறு. அம்மா எல்லா ரீலிலும் இருக்கிறாள். முழுசாக இல்லை. ஒரு கரண்டியும் அதைப் பிடித்த கையும் வரும். அல்லது முறம் புடைக்கிற முதுகு. மாமாவிடம் கேட்டால், "உங்கம்மா நின்னாத்தானேடி எடுக்கறதுக்கு" என்பார். நிற்கவிட்டால்தானே நிற்பாள்.

ரிவர்ஸ் போடு மாமா

அந்த மிசினில் ஒரு குமிழ் இருந்தது. அதைத் திருப்பினால் படம் பின்னோக்கி ஓடும். எங்களுக்கு நேராக ஓடுகிற படத்தைவிட அதுதான் பிடிக்கும்.

"மாமா, ரிவர்ஸ் போடு மாமா."

"இப்பத்தானடி பார்த்தீங்க."

"நைனா இட்லி துண்றதப் போடு."

போடுவார். நைனாவின் வாயிலிருந்து இட்லி துண்டு துண்டாக வெளியே வந்து, இலையில் சேர்ந்து முழு இட்லியாகும். கடைசியில் அம்மாவின் கை வந்து அதை எடுத்துக்கொண்டு போய்விடும். நாங்கள் மூட்டையிலிருந்து விழுந்து புரண்டு சிரிப்போம்.

நைனாவுக்கு மட்டும் கோபம் வரும். "ஏண்டா கஜா, நான் துண்ணத வெளிய எடுக்கறதுக்கா கப்பலேறிப் போயி மிசின் வாங்கியாந்த?"

"வுடு மச்சான். செலவு மிச்சம்."

ஏரியில் குதித்த பையன்கள் தண்ணீரிலிருந்து எகிறிக் கரையில் வந்து நிற்பார்கள். கல்யாணத்துக்கு வந்த கூட்டம் பின்பக்கமாகவே நடந்து பந்தலை விட்டு வெளியேறும். மாலைகள் கழுத்திலிருந்து கழன்று கைக்குப் போகும். அக்கா கல்யாணத்தை ரிவர்ஸில் பார்த்தபோது நான் கைதட்டினேன். நல்லதுதானே நடந்தது அதில்.

இரண்டு ரீல்கள்

அக்கா என்றால் சகுந்தலா. என்னைவிட எட்டு வயது மூத்தவள். வந்தவாசியில் கட்டிக் கொடுத்தார்கள். மாப்பிள்ளை வீட்டிலும் மில். மில்லுக்கு மில் சம்பந்தம் என்று நைனாவுக்குப் பெருமை.

மாப்பிள்ளை முதல் தடவை விருந்துக்கு வந்ததை மாமா ஒரு ரீல் எடுத்தார். முற்றத்தில் இரண்டு பேரும் நிற்கிறார்கள். அவன் அக்காவின் மணிக்கட்டைப் பிடித்திருக்கிறான். கேமரா பக்கத்தில் போகிறது, சுற்றி வருகிறது, தூரப் போகிறது. அவன் பிடியை விடவில்லை. அக்கா ஒரு தடவை கையை மெல்ல உருவப் பார்க்கிறாள். அவன் அவளைப் பார்க்காமலேயே இன்னும் இறுக்குகிறான். பார்த்தவர்கள் எல்லோரும், "கைய வுடவே மனசு வர்ல பாரேன்" என்று சொன்னார்கள். பக்கத்துவீட்டு அம்மாள் திருஷ்டி கழித்துவிட்டுப் போனாள்.

இன்றைக்கு அந்த மூன்று நிமிஷத்தைப் பார்த்தால் என் மணிக்கட்டு வலிக்கிறது.

அடுத்த ரீல்தான் இந்த வாரத்துச் சமாச்சாரம். அம்மா தலையிலிருந்து கால் வரை முழுசாக வருகிற ஒரே படம் அது. ஞாயிற்றுக்கிழமைகளில் நாங்கள் பார்த்தது இப்படி:

எங்கள் மில்லும் வீடும் இருந்த சந்து முட்டுச் சந்து. காரைத் திருப்ப இடமில்லை. பின்புறமாகவே உள்ளே வந்து, முன்புறமாக வெளியே போகவேண்டும். ஒரு வாடகைக் கார் அப்படிப் பின்னாலேயே சந்துக்குள் வந்து வாசலில் நிற்கிறது. முன் சீட்டு ஜன்னலில் மாப்பிள்ளையின் முழங்கை மட்டும் தெரிகிறது. நைனா குனிந்து நிமிர்கிறார். கதவு திறக்கிறது. அக்கா இறங்குகிறாள். அம்மா அவள் எதிரில் நின்று இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, தான் பின்பக்கமாக நடந்தபடியே அவளை வீட்டை நோக்கி இழுக்கிறாள். அக்காவின் முகம் கோணலாக, வாய் திறந்து, சிரிப்பு மாதிரி இருக்கிறது. வாசலுக்கு வந்ததும் அக்கா நிலைக்கட்டையை இரண்டு கையாலும் கட்டிப் பிடித்து, கன்னத்தை அதில் வைத்துக்கொள்கிறாள். அதோடு படம் முடிகிறது.

"ஆடிக்கு அழைச்சுக்கினு வந்தப்ப எடுத்தது" என்று மாமா சொல்வார். "பொறந்த வூட்டப் பார்த்ததும் நெலையக் கட்டிக்கினா பாரு. கல்லு மனசும் கரையும்."

கல்யாணமான முதல் ஆடியில் பெண்ணைத் தாய்வீட்டுக்கு அழைத்து வருவதும், ஆவணி பிறந்ததும் திருப்பி அனுப்புவதும் உங்கள் வீட்டிலும் நடந்திருக்கும். அந்த வருஷம் அக்கா வந்தபோதும் நான் இல்லை, போனபோதும் இல்லை. திருமுக்கூடலில் அத்தைக்குப் பிரசவம் என்று என்னைக் கூடமாட இருக்க அனுப்பிவிட்டார்கள். நான் திரும்பியபோது அக்காவின் பாவாடை ஒன்று கொடியில் காய்ந்துகொண்டிருந்தது, அக்கா இல்லை. "சந்தோசமா போனா" என்றாள் அம்மா. முகத்தைப் பார்த்துச் சொல்லவில்லை. அடுப்பைப் பார்த்துச் சொன்னாள்.

வந்தவாசியில் அக்கா எப்படி வாழ்ந்தாள் என்பதை நீட்டி எழுதப்போவதில்லை. அவன் அடிப்பான். பெல்ட்டால், செருப்பால், ஒரு தடவை மில்லில் கிடந்த மரக்கட்டையால். இருபது வருஷத்துக்கும் மேல். அவன் போய்ச் சேர்ந்த பிறகுதான் அக்காவின் கையில் கண்ணாடி வளையல் உடையாமல் நின்றது.

அவளுக்கு ஒரே மகள், கவிதா. அந்த வீட்டில் கட்டிலுக்கு அடியில் ஒளிந்து வளர்ந்த பிள்ளை. பெரியவளானதும் அம்மாவைக் கேட்டிருக்கிறாள், "ஏம்மா என்ன இட்டுக்கினு ஓடிப் போவல?" என்று. அக்கா அதற்கு ஒரு பதில்தான் சொன்னாள்.

"எங்க போறது? மொத ஆடியிலயே நான் போவ மாட்டேன்னு அழுதேன். எங்கம்மா என்ன வெளிய புடிச்சுத் தள்ளுனா. அதுக்கப்பறம் எனக்கு ஏது வூடு?"

கவிதா அதை நம்பினாள். அந்தப் பதிலை வைத்துத்தான் அவள் தன் அம்மாவை மன்னித்தாள். இது எனக்குத் தெரியும், என்னிடமே சொல்லியிருக்கிறாள்.

எல்.ஈ.டி. திரையில் பாசம்

ரீல்கள் எதுவும் இப்போது இல்லை. மில் பரணில் சூட்டில் கிடந்து ஒன்றோடொன்று ஒட்டிக் காடி நாற்றம் அடித்தது, தூக்கிப் போட்டோம். அதற்குள் எண்பதுகளின் நடுவில் கல்யாண வீடியோ வந்துவிட்டதால், மாமா ஒரு ஸ்டூடியோக்காரரை அழைத்துவந்து, குடோன் சுவரில் படங்களை ஓட்டி அதை வீடியோவாகப் பிடித்து வைத்திருந்தார். அந்தக் கேசட்டைத்தான் மாமாவின் மகன் சமீபத்தில் பென் டிரைவுக்கு மாற்றினான். மாமாவின் பேத்தி கல்யாண வரவேற்பில், செங்கல்பட்டு மண்டபத்தில், ஆள் உயரத்துக்கு மேல் உள்ள எல்.ஈ.டி. திரையில் போட்டார்கள். பாட்டு வேறு சேர்த்திருந்தார்கள். ஒவ்வொரு படத்துக்கும் தலைப்பு. நைனா விறைப்பாக நின்றதற்கு 'கம்பீரம்'.

அக்கா படத்துக்கு 'பாசம்'.

அக்கா அந்தப் படத்தை அதுவரை பார்த்ததே இல்லை. நாங்கள் தவிட்டு மூட்டையில் உட்கார்ந்து பார்த்த ஞாயிற்றுக்கிழமைகளில் அவள் வந்தவாசியில் இருந்தாள். இப்போது முதல் தடவையாகப் பார்க்கிறாள், பக்கத்தில் கவிதா, கையில் ஐஸ்கிரீம் கப். மாமா மைக்கைப் பிடித்துக்கொண்டு, "பாருங்க, எங்க அக்கா அவங்க பொண்ண எப்புடிக் கையப் புடிச்சு உள்ள இட்டுக்கினு வராங்க" என்றார். மண்டபம் கைதட்டியது.

கவிதா கைதட்டவில்லை. அம்மா பக்கம் திரும்பினாள்.

"இன்னாம்மா இது? வெளிய புடிச்சுத் தள்ளுனாங்கன்னு சொன்ன?"

அக்கா திரையைப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

"ரெண்டு கையையும் புடிச்சு உள்ள இழுக்கறாங்க. நீ சிரிச்சுக்கினு வர. அப்ப உனுக்கு வூடு இருந்துச்சு. நீயா திரும்பிப் போயி, என்னையும் அங்க பெத்துப் போட்டுட்டு, செத்துப்போன ஆயா மேல பழி போட்டியா?"

அக்கா என்னிடம்தான் பேசினாள். "படத்துல வந்துடுச்சே வனஜா. இனிமே நான் இன்னா சொன்னா எடுபடும்?"

அன்றிலிருந்து கவிதா அம்மாவுடன் பேசுவதில்லை. மாதங்கள் ஆகின்றன. அக்கா போன் செய்தால் எடுப்பதில்லை. பொங்கலுக்கு அக்கா தனியாக அரை உழக்கு அரிசி பொங்கி, தானும் சாப்பிடாமல் மாட்டுக்கு வைத்தாள். அவனிடம் வாங்கிய அடியை எல்லாம் தாங்கியவள் இதில் கிடையாகக் கிடக்கிறாள்.

எலுமிச்சம்பழம்

குடும்ப வாட்ஸ்அப் குழுவில் அந்தப் படத்தைப் போட்டிருந்தார்கள். நாற்பது பேர் இதயம் போட்டிருந்தார்கள். நான் போனில் அதைத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். எனக்கு அழகு பார்க்கத் தெரியாது, குறைதான் பார்ப்பேன். அது சில சமயம் உதவும்.

கார் பின்னாலேயே வருகிறதல்லவா, அதற்கு முன் தரையில் மஞ்சளாக ஏதோ ஒட்டிக் கிடக்கிறது. முன் டயர் அதன்மேல் ஏறுகிறது. டயர் தாண்டியதும் அந்த இடத்தில் ஒரு முழு எலுமிச்சம்பழம் உட்கார்ந்திருக்கிறது. நைனா குனிந்து அதை எடுத்துக்கொண்டு நிமிர்கிறார்.

நசுங்கிய எலுமிச்சம்பழம் டயர் ஏறியதும் முழுசாவதை நீங்கள் எங்காவது பார்த்திருக்கிறீர்களா? நைனா அதை எடுக்கவில்லை. வைக்கிறார். முன் டயருக்கு எலுமிச்சம்பழம் வைப்பது வண்டி கிளம்பும்போது. வந்து சேர்ந்த வண்டிக்கு எந்த ஊரில் எலுமிச்சம்பழம் வைக்கிறார்கள்?

மகனிடம் கொடுத்துப் படத்தைத் திருப்பி ஓட்டச் சொன்னேன். போனில் இரண்டு தட்டு தட்டினான். ஓடியது.

அக்கா நிலைக்கட்டையைக் கட்டிப் பிடித்துக்கொண்டு அழுகிறாள். அம்மா அவள் கைகளைப் பிரிக்கிறாள். இரண்டு கையையும் பிடித்து, எதிரில் நின்று, தள்ளுகிறாள். அக்கா வீட்டைப் பார்த்தபடியே பின்பக்கமாக நடந்து தெருவுக்குப் போகிறாள். முதுகு காரில் இடிக்கிறது. உள்ளே திணிக்கிறார்கள். கதவு மூடுகிறது. நைனா குனிந்து எலுமிச்சம்பழம் வைக்கிறார். கார் அதை நசுக்கிக்கொண்டு சந்தை விட்டுப் போகிறது. முன் சீட்டில் அந்த முழங்கை ஆரம்பத்திலிருந்து கடைசி வரை அசையவே இல்லை.

என் மகன் போனைக் கீழே வைத்துவிட்டு எழுந்து போய்விட்டான்.

மாமாவுடன் பேசியது

உடனே செங்கல்பட்டுக்குப் போன் போட்டேன்.

"மாமா, அந்தப் படத்துல எலுமிச்சம்பழம் கீது."

"இன்னா பழம்?"

"எலுமிச்சம்பழம். டயருக்குக் கீய."

"அடிப் போடி. எனுக்குத் தட்டுல கீற பழமே கண்ணுக்குத் தெர்ல."

"நசுங்குன பழம் முழுசாவுது மாமா. கப்பல்ல அந்த மாதிரி பழமா வாங்கிப் போட்ட?"

"உனுக்கு வேற சோலியே இல்லியா? மாவு கீவு அரைக்கறது இல்ல?"

"அரைச்சாச்சு. நீ அந்தப் படத்தத் திருப்பித்தான் ஓட்டியிருக்க. ஆடிக்கு வந்தது இல்ல அது. ஆவணிக்குத் தள்ளுனது."

எழுந்து மின்விசிறியை நிறுத்துகிற சத்தம் கேட்டது. பிறகு, "இப்ப இன்னாத்துக்கு அந்த பேஜாரு" என்றார்.

"சொல்லு மாமா."

"பம்பாய்லேர்ந்து வந்ததும் ஒரு தபா நேராத்தான் போட்டேன். நீங்கல்லாம் இல்ல. உங்கம்மாவும் நானும். பார்த்தா. பார்த்துட்டு அப்புடியே தரையில குந்திட்டா. 'டேய் கஜா, அதத் திருப்பி வுடுடா. கொயந்த உள்ள வரட்டும்'னா. திருப்பி வுட்டேன். அதுக்கப்பறம் அத நேரா போட்டதே இல்ல."

"வீடியோக்காரு வந்தப்ப?"

"அன்னிக்கும் உங்கம்மா கதவாண்ட நின்னுக்கினு இருந்தாளே. நான் எப்புடிடி நேரா வுடுவேன்?"

இதைக் கேட்டதும் எனக்கு என்ன தோன்றியது என்று உண்மையைச் சொல்கிறேன். அம்மா மேல் பரிதாபம் வந்தது. அடுத்த நிமிஷம் அந்தப் பரிதாபத்தின் மேலேயே எரிச்சல் வந்தது. இந்தப் பக்கம் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அக்கா சுவரில் உள்ளே வந்துகொண்டிருந்தாள். அந்தப் பக்கம் வந்தவாசியில் உதை வாங்கிக்கொண்டிருந்தாள். அம்மா அவ்வளவு ஆசைப்பட்டிருந்தால் பஸ் ஏறியிருக்கலாம். வந்தவாசிக்குப் பஸ் இருந்தது.

"மாமா, இத கவிதாகிட்ட சொல்லு. ஒரு வார்த்த போதும்."

"செத்தவள சந்திக்கு இழுக்கச் சொல்றியா? எங்கக்காவ நான் வுட்டுக் குடுக்க மாட்டேண்டி."

போனை வைத்துவிட்டார்.

நானே கவிதாவிடம் சொன்னேன். திருப்பி ஓட்டிய படத்தையும் அனுப்பினேன். அவள் பதில் இது: "சித்தி, இப்பல்லாம் போன்ல எதையும் எப்புடி வேணா திருப்பலாம். நீ எப்பவும் அம்மா பக்கந்தான் பேசுவ. எடுத்தது கஜா தாத்தா. அவரு வாயால சொல்லட்டும், நான் அன்னிக்கே அம்மாவப் பார்க்க வரேன்." எலுமிச்சம்பழத்தைச் சொன்னேன். "அதுலாம் புள்ளி சித்தி" என்றாள். பெரிய திரையில் தலைப்பு போட்டு, மைக்கில் பேசி, மண்டபமே கைதட்டியதற்கு எதிராக என் மஞ்சள் புள்ளி எம்மாத்திரம்.

அதனால்தான் இதை இங்கே எழுதுகிறேன். மாமா, உங்கள் அக்காவை நீங்கள் விட்டுக்கொடுக்க மாட்டீர்கள். நியாயம். என் அக்காவை நானும் விட்டுக்கொடுக்க மாட்டேன். உங்கள் அக்கா போய்ச் சேர்ந்துவிட்டாள், அவளுக்கு இனி ஒரு குறையும் வராது. என் அக்கா இன்னும் போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள்.

எனக்குப் போன் செய்து திட்டவேண்டாம். எடுக்கமாட்டேன். மகனை விட்டுச் சமாதானம் பேசவேண்டாம். நீங்கள் மைக் பிடித்துச் சொன்னதை ஊரே கேட்டது, பதிலையும் ஊர் கேட்கவேண்டும். இந்த இதழ் ஆசிரியரிடம் கேட்டுவிட்டேன், உங்களுக்கு இடம் ஒதுக்கித் தருவதாகச் சொல்லிவிட்டார். நீளமாக எழுதவேண்டியதில்லை. உங்கள் பெயரைப் போட்டு, கவிதா படிக்கிற மாதிரி, ஒரே ஒரு வரி எழுதுங்கள்: அன்றைக்கு எங்கள் வாசலில் சகுந்தலா அக்கா வந்தாளா, தள்ளப்பட்டாளா?